வழுக்காத கல்

என் வலது கால் முட்டிக்கு மேலே எப்படி உடைந்தது என்பது இரண்டே பேருக்குத்தான் தெரியும். ஒன்று நான். இன்னொன்று என் மகன் மணிகண்டன்.

மற்றவர்களுக்கெல்லாம் வேறு கதை. உத்தனப்பள்ளி வீட்டுப் பாத்ரூமில் வழுக்கி விழுந்தேனாம். மணி கதவைத் தள்ளிக்கொண்டு வந்து பார்த்தபோது தரையில் கிடந்தேனாம். ஓசூர் ஆஸ்பத்திரியில் அப்படித்தான் சொன்னான். அவர்களும் அப்படியே எழுதிக்கொண்டார்கள். நானும் தலையை ஆட்டினேன். உயிர் போகிற வலியில் இருக்கிறவன் எதற்கும் தலையாட்டுவான்.

நடந்தது இது. அன்றைக்கு மருமகள் அருணாவுக்குப் பிறந்த நாள். "மாமாவும் வரணும்" என்று சொல்லி அனுப்பியிருந்தாள். மணி ராத்திரி ஷிப்டும் பார்த்து, பகல் ஷிப்டும் சேர்த்துப் பார்த்துவிட்டு, கண் சிவக்க என்னைக் கூட்டிப்போக வண்டியில் வந்தான். ஊரைத் தாண்டியதும் ஒரு மதகு. வண்டி வளையாமல் நேராகப் போனது. பின்னால் உட்கார்ந்திருந்த என் முட்டி மதகுச் சுவரில் மோதியது. அவன் புல்லில் விழுந்தான். உள்ளங்கை மட்டும் தேய்ந்தது.

ஓட்டிக்கொண்டிருந்தவன் தூங்கிவிட்டான். அவ்வளவுதான்.

"கேஸு ஆயிடும் நைனா. கேஸு ஆனா கம்பெனில பர்மனென்ட் பண்ண மாட்டாங்க. அருணாவுக்கும் தெரியக் கூடாது. டபுள் பாத்துட்டு வண்டி எடுக்க மாட்டேன்னு அவகிட்ட சத்தியம் பண்ணிருக்கேன்." ரோட்டோரத்தில் என் தலையை மடியில் வைத்துக்கொண்டு அழுதான். அழுகிற பிள்ளையிடம் நான் என்ன பேச?

பாத்ரூம் என்று சொன்னவன் என் வீட்டுப் பாத்ரூமை யோசித்துப் பார்க்கவில்லை. அங்கே போட்டிருப்பது பர்கூர்ப் பக்கத்துக் கருங்கல். உளியால் கொத்திச் சொரசொரப்பாக்கிய கல். எருமை நடந்தாலும் வழுக்காது. கேட்டவர்களில் ஒருத்தர்கூட "என்ன தரை?" என்று கேட்கவில்லை.

தொடை எலும்பில் தகடு வைத்தார்கள். என்னை ஓசூருக்குக் கொண்டுவந்து, சிப்காட்டுக்குப் பின்னால் மணி வாடகைக்கு இருக்கிற வீட்டில், முன்னறைக் கட்டிலில் போட்டார்கள். ஒன்றரை மாதம் ஆகிறது.

இன்றைக்கு டாக்டரிடம் போகிற நாள். நான் ஊருக்குத் திரும்பிப் போய்த் தனியாக இருக்கலாமா கூடாதா என்று இன்றைக்குச் சொல்வதாகச் சொல்லியிருந்தார். கட்டிலுக்கு அடியில் என் பை தயாராக இருந்தது. நாலு வேட்டி, ஒரு துண்டு, சவரக் கத்தி. வேறென்ன வேண்டும்?

* * *

கட்டிலில் படுத்தால் எனக்குத் தெரிவது ஒரு ஜன்னலும் ஒரு கதவும்.

ஜன்னல் வழியாகக் கம்பெனி பஸ்கள் போவது தெரியும். கதவு, அருணா வேலை செய்கிற அறையின் கதவு. காலையில் சாத்தினால் சாப்பாட்டுக்குத்தான் திறக்கும். மறுபடி சாத்தினால் பொழுது சாய்ந்து திறக்கும்.

அவளுக்கு வீட்டிலிருந்தே கம்ப்யூட்டர் வேலை. அமெரிக்காவில் ஆளுக்கு என்ன சீக்கு என்று அந்த ஊர் டாக்டர் எழுதி அனுப்புவதைப் படித்து, இவள் அதற்கு ஒரு கோடு போடவேண்டும். எழுத்தும் நம்பரும் கலந்த ஒரு அடையாளம். எந்த எலும்பு, எந்தப் பக்கம், எந்த இடம், விலகியதா விலகவில்லையா என்று எல்லாம் அதற்குள் அடங்கிவிடும் என்றாள். இவளுக்குக் கொடுத்திருப்பது எலும்புப் பிரிவு. அதிலும் பெரும்பாலும் தொடை.

ஒரு நாள் கேட்டேன்.

"ஏம்மா, கதவ ஏன் சாத்திக்கற? நான் என்ன கம்ப்யூட்டர தூக்கினு ஓடிடுவேனா?"

"கம்பெனி ரூல் மாமா. ஸ்கிரீன வேற யாரும் பாக்கக் கூடாது. பேஷண்ட் பேரெல்லாம் வரும்."

"எனக்கு பஸ் போர்டு படிக்கறதே பெருசு. இங்கிலீசு எங்க?"

"அது ரூலுக்குத் தெரியாதில்ல மாமா." சாத்திக்கொண்டாள்.

நான் யாரையும் லேசில் நம்புகிற ஆள் இல்லை. கதவுக்குப் பின்னால் இருந்து அவ்வப்போது 'ஃபீமர்', 'ஃபீமர்' என்று போனில் பேசுவாள். அது தொடை எலும்புக்கு இங்கிலீசு என்று ஆஸ்பத்திரியில் கேட்டுத் தெரிந்துகொண்டேன். அப்புறம் ஒரு சந்தேகம் உள்ளே உட்கார்ந்துகொண்டது. டாக்டர்களிடம் அவர்கள் பாஷையிலேயே பேசுகிறவள். என் காலைப் பற்றி எதையாவது சொல்லி என்னை இங்கேயே கட்டிப்போட்டுவிட்டால் என்ன செய்வேன்? வீட்டுக்குக் காவலுக்கு ஆள் ஆச்சு, பால்காரனுக்குக் கதவு திறக்க ஆள் ஆச்சு.

ஊரில் எனக்கு என்ன இருக்கிறது என்று கேட்டால் ஒன்றும் இல்லை. என் பெண்டாட்டி ருக்மணி போய்ச் சேர்ந்துவிட்டாள். நிலம் குத்தகையில் இருக்கிறது, ஷெட்டுப் போட்டு ரோஜா வளர்க்கிறான் ஒருத்தன். அங்கேயும் தனிதான். ஆனால் அங்கே என்னைத் தனியாக விடுவதற்கு யாரும் கதவைச் சாத்தவேண்டியதில்லை.

* * *

காலையில் மணி ராத்திரி ஷிப்ட் முடித்து வந்தான். குளித்தான். நின்றபடியே களியை விழுங்கினான். பிறகு என் கட்டிலுக்குப் பக்கத்தில் வந்து நின்று, என் காலைப் பார்த்துப் பேசினான். மதகு நாளிலிருந்து இப்படித்தான். மூஞ்சியைப் பார்ப்பதில்லை. காலிடம்தான் பேச்சு.

"லீவு குடுக்கல நைனா. டபுள் பாக்கச் சொல்லிட்டாங்க. அருணா கூட்டினு போவா."

"சரி."

"டாக்டர் என்னா சொல்றாருன்னு கேட்டு வைங்க."

"யாருகிட்ட சொல்ற? எங்கிட்டயா, என் முட்டிகிட்டயா?"

சமையலறையிலிருந்து அருணா குரல் கொடுத்தாள்.

"டபுள்னா பஸ்ல வாங்க. வண்டி எடுக்காதீங்க."

"பஸ்தான், பஸ்தான்." சொல்லிக்கொண்டே செருப்பை மாட்டினான்.

ஜன்னல் வழியாகப் பார்த்தேன். கம்பெனி பஸ் நிற்கிற பக்கம் அவன் போகவில்லை. தெருமுனை திரும்பினான். கொஞ்ச நேரத்தில் வண்டி உறுமிற்று. அந்தச் சத்தம் எனக்குத் தெரியாதா? அதில்தானே நான் விழுந்தேன். வண்டியை முனையில் நிறுத்திவிட்டு வீட்டுக்கு நடந்து வந்திருக்கிறான்.

அருணாவிடம் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. ஒன்றை மறைத்தவனுக்கு அடுத்ததை மறைக்கக் கஷ்டமே இல்லை.

* * *

அருணா அரைநாள் பர்மிஷன் போட்டாள். ஆட்டோவில் வாக்கரை எங்கே வைப்பது என்று தெரியாமல் டிரைவரின் தோளில் இடித்தேன்.

"பெரியவரே, இன்னும் ஆஸ்பத்திரிக்கே போகல. அதுக்குள்ள எனக்கு ஒரு எலும்ப உடைக்கறீங்க" என்றான்.

"உன் எலும்புக்கு நம்பர் போட ஆள் கூடவே கூட்டினு வரேன்" என்றேன்.

அருணா சிரித்தாள். தலையில் ஹெட்போன் அழுத்திய தடம் முடியில் பள்ளமாகத் தெரிந்தது. வெயிலில் அவளை நான் பார்த்தே ரொம்ப நாளாயிற்று. வெளுத்துப்போய் இருந்தாள்.

ஆஸ்பத்திரியில் கூட்டம். பெஞ்சில் உட்கார்ந்தோம். பக்கத்தில் தெலுங்கு, எதிரில் கன்னடம், பின்னால் இந்தி. எல்லாருக்கும் ஏதாவது ஒன்று உடைந்திருந்தது.

"வெங்கடப்பன்! எக்ஸ்ரே!"

என் பெயர் எனக்கே ஒரு நிமிஷம் உறைக்கவில்லை. ஓசூரில் என் பெயர் தெரிந்தவர்கள் இரண்டு பேர். மகனும் மருமகளும். இரண்டு பேரும் அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட முடியாது. ருக்மணியும் சொன்னதில்லை. ஊரில் சொன்னவர்கள் பாதிப் பேர் போய்விட்டார்கள். சம்பளத்துக்கு வேலை பார்க்கிற ஒரு பெண் சீட்டைப் பார்த்துக் கத்துகிறாள், அதைக் கேட்க எனக்கு நன்றாக இருக்கிறது. இன்னொரு தடவை கூப்பிடட்டும் என்று பேசாமல் உட்கார்ந்திருந்தேன்.

"வெங்கடப்பன் யாருங்க?"

"நாந்தான்" என்றேன்.

எக்ஸ்ரே எடுக்கிறவன் கன்னடக்காரன். ஆனேக்கல் பக்கமாம். "அஜ்ஜா, அல்லாடபேடி" என்றான். ஆடாதே என்கிறான். "ஒன்றரை மாசமா அதத்தானப்பா செய்யறேன்" என்று அவன் பாஷையிலேயே சொன்னேன். அவனுக்கு என்னைப் பிடித்துவிட்டது. போகும்போது கைத்தாங்கலாகக் கதவுவரை வந்தான். யாரும் தொட்டு நடத்தினால் எனக்குப் பிடிக்காது. இன்றைக்குப் பேசாமல் இருந்துவிட்டேன்.

டாக்டர் சின்ன வயசு. சிரித்த முகம். சிரிக்கிற டாக்டரை நான் நம்புவதில்லை.

படத்தை வெளிச்சத்தில் வைத்துப் பார்த்தார். "நல்லா கூடி வருது தாத்தா. தகடு உக்காந்த எடத்துலயே இருக்குது. இன்னும் கொஞ்ச நாள்ல காலை ஊனலாம்."

"அப்ப ஊருக்குப் போலாம்ல?"

அவர் இன்னொரு காகிதத்தை எடுத்தார். எலும்பு எவ்வளவு கெட்டி என்று ஒரு மிஷினில் படுக்கவைத்துப் பார்த்திருந்தார்கள். அந்தக் காகிதம்.

"ஸ்கேன்ல எலும்பு பரவால்ல. வயசுக்கு நல்லாவே இருக்குது. ஆனா தாத்தா, நின்ன எடத்துல வழுக்கி விழுந்ததுக்கே தொடை எலும்பு இந்த அளவுக்கு உடைஞ்சா, ஸ்கேன் என்ன சொன்னாலும் எலும்பு பலவீனம்னுதான் நாங்க எடுத்துக்கணும். இன்னொரு தடவ விழுந்தா அடுத்த காலும் போகும். தனியா இருக்கறது வேண்டாம். அந்தப் பாத்ரூமும் வேண்டாம்."

டாக்டர் படத்தை மறுபடி தூக்கிப் பார்த்தார். "எனக்கே கொஞ்சம் ஆச்சரியந்தான். முட்டிய எதுலயோ நேரா மோதின மாதிரி இருக்குது. எப்படி விழுந்தீங்க தாத்தா? நீங்களே சொல்லுங்க."

அருணா என்னைப் பார்க்கவில்லை. மடியில் இருந்த பையின் வாரைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

சொன்னால் ஊர். சொல்லாவிட்டால் இந்தக் கட்டில், அந்தக் கதவு. ரொம்ப லேசான கணக்கு. மதகு என்று ஒரு வார்த்தை போதும். ஆனால் அந்த வார்த்தையை டாக்டர் எழுதுவார். எழுதினது எங்கெங்கே போகும் என்று யாருக்குத் தெரியும்? மணியின் கம்பெனியில் பர்மனென்ட் லிஸ்டு இன்னும் வரவில்லை. எழுத்துக்குக் கால் உண்டு. எனக்குத்தான் இல்லை.

"பாத்ரூம்ல" என்றேன்.

டாக்டர் எழுதினார்.

"சார்," என்றாள் அருணா, "காரணம் என்னன்னு போடுவீங்க?"

"பேஷண்ட் என்ன சொல்றாரோ அதத்தாம்மா எழுத முடியும்."

"ஆமா சார்" என்றாள். எழுந்துவிட்டாள்.

* * *

ஆஸ்பத்திரிக்கு எதிரே டீக்கடை. ஆட்டோ பிடிக்காமல் அங்கே கூட்டிப்போனாள். எனக்கு நாற்காலி, அவளுக்கு ஸ்டூல். வாக்கரைச் சுவரில் சாய்த்தாள்.

எனக்குக் கோபம். அதை அவள்மேல்தான் காட்ட முடிந்தது.

"நாள் முழுக்க எவனெவன் தொடையவோ பாக்கற. உன் மாமனார் தொடைக்கு ஒரு வார்த்த சொல்லக் கூடாதா? 'சார், அவரு ஊருல நல்லாத்தான் இருந்தாரு, போவட்டும்'னு?"

"சொல்லக் கூடாது மாமா."

"ஏன்? இங்கயே காவலுக்கு ஆள் வேணுமா?"

அவள் டீயை ஊதினாள். கோபப்படுவாள் என்று பார்த்தேன். படவில்லை.

"எங்க வேலைல ஒரு சட்டம் இருக்குது. டாக்டர் எழுதாதத நாங்க எழுதக் கூடாது. எங்களுக்கே தெரிஞ்சாலும் எழுதக் கூடாது."

"தெரிஞ்சுமா?"

"தெரிஞ்சும்தான். சந்தேகம் வந்தா டாக்டருக்கு ஒரு கேள்வி அனுப்பலாம். அதுலயும் பதில நாம எடுத்துக் குடுக்கக் கூடாது. 'இப்படித்தான நடந்துச்சு'ன்னு கேட்டா ஆடிட்ல புடிச்சுடுவாங்க. 'எப்படி நடந்துச்சு'ன்னு மட்டுந்தான் கேக்கணும். அப்புறம் பதில் வர்ற வரைக்கும் சும்மா இருக்கணும்."

"வக்கீலுக்கு நேர் எதிரா இருக்குதே. அவன் எல்லாத்தையும் எடுத்துக் குடுப்பான்."

"அதனாலதான் அவங்க காரு வச்சிருக்காங்க, நான் ஸ்டூல்ல உக்காந்திருக்கேன்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அடக்கிக்கொண்டேன்.

"உடைஞ்சதுக்கு ஒரு கோடு போட்டா ஆச்சா, எல்லாம் முடிஞ்சுதா?" என்று கேட்டேன்.

"முடியாது. எலும்பு நல்லா இருந்து அடிபட்டு உடைஞ்சா ஒரு கோடு. எலும்பு பலவீனத்துல உடைஞ்சா அது வேற கோடு. ஒரே எலும்பு, ஒரே எடம், ஆனா ரெண்டும் பக்கத்துலயே வராது. அப்புறம் எப்படி விழுந்தாங்கன்னு தனியா ஒண்ணு. பாத்ரூம்ல விழுந்தா ஒண்ணு, ஏணில விழுந்தா ஒண்ணு, வண்டில விழுந்தா ஒண்ணு. எந்த ரூம்ல விழுந்தாங்கன்னு கூட இருக்குது."

வண்டி என்று அவள் சொன்னபோது நான் டீயைப் பார்த்தேன்.

"அமெரிக்காக்காரனுக்கு வேற வேலையே இல்லியா?"

"கிளி கடிச்சா அதுக்கும் ஒண்ணு இருக்குது மாமா. நான் இன்னும் போட்டதில்ல. என்னைக்காவது வரும்னு பாத்துனே இருக்கேன்."

இரண்டு பேரும் கொஞ்சம் சிரித்தோம். சிரித்து முடித்ததும் அவள் கிளாசைக் கீழே வைத்தாள்.

"காவலுக்குன்னு சொன்னீங்க. நீங்க இருக்கறது எனக்குப் புடிச்சுத்தான் இருக்குது. கதவுக்கு வெளில ஒரு ஆள் இருமற சத்தம் கேக்குது. நீங்க வர்றதுக்கு முன்னாடி அதுவும் கெடையாது. அவரு வந்தா தூங்கறாரு, எழுந்தா போறாரு. நாள் முழுக்க யாரோ ஒருத்தரோட காலு, அவங்க மூஞ்சி எனக்குத் தெரியாது. பேசணும்னா எங்க அம்மாவுக்கு வேப்பனப்பள்ளிக்குப் போன் போடணும். அவங்க மாந்தோப்புக்குப் போயிருப்பாங்க." நிறுத்தினாள். "ஆனா அதுக்காக உங்க காலப் பத்தி நான் பொய் சொல்ல மாட்டேன். நீங்க போகணும்னா போகணும்."

அவளைப் பற்றி நான் நினைத்ததெல்லாம் வாய்க்குள்ளேயே கிடந்தது. துப்பவும் முடியவில்லை, விழுங்கவும் முடியவில்லை.

"மாமா, ஒரே ஒரு தடவ கேக்கறேன். எப்படி விழுந்தீங்க?"

"பாத்ரூம்ல."

"எங்க?"

"ஊரு வூட்டுல. மணி சொன்னானே."

"சரி மாமா."

அதற்குமேல் கேட்கவில்லை. டீக்காரனிடம் பன் வாங்கி என் கையில் கொடுத்தாள்.

பன்னைக் கடிக்கும்போதுதான் எனக்கு ஞாபகம் வந்தது. கல்யாணமாகி வந்த மறுநாள், குளித்துவிட்டு வெளியே வந்தவள் நொண்டிக்கொண்டே ருக்மணியிடம் போய்ப் பாதத்தைத் தூக்கிக் காட்டினாள். "அத்தை, உங்க பாத்ரூம் கல்லு உள்ளங்கால அரம் மாதிரி ராவுது." ருக்மணி சிரித்துவிட்டு, அவளுக்காக ஒரு சாக்கை மடித்துப் போட்டாள். அந்தக் கல்லில் யாரும் வழுக்க முடியாது என்று அருணாவின் பாதத்துக்கே தெரியும்.

அன்றைக்கே தெரிந்திருக்கிறது. ஆஸ்பத்திரியில் மணி சொன்ன அன்றைக்கே. ஒன்றரை மாதமாகத் தெரிந்தும், அதை எடுத்துக் கொடுக்காமல், எங்களில் யாராவது வாயைத் திறப்போம் என்று கதவுக்குப் பின்னால் காத்திருக்கிறாள்.

* * *

வீட்டுக்கு வந்ததும் அவள் வேலைக்கு உட்கார்ந்தாள். கதவைச் சாத்திக்கொண்டாள்.

மத்தியானம் நீளமாகப் போனது. மாடியில் வடநாட்டுப் பையன்கள் குக்கர் வைத்தார்கள். தண்ணீர் லாரி வந்தது, போனது. கதவுக்குப் பின்னால் தட்டச்சுச் சத்தம். நடுவில் ஒரு தடவை வேண்டுமென்றே இருமினேன். தட்டச்சு ஒரு நொடி நின்றது. பிறகு மறுபடி ஓடியது.

இன்னொரு தடவை இருமினேன். மறுபடி ஒரு நொடி நின்றது.

பொழுது சாயும் நேரம் மணி வந்தான். கண் இரண்டும் மிளகாய்ப் பழம். தாடையில் எண்ணெய்க் கறை. கையில் டிபன் பாக்ஸ் பை. கட்டிலண்டை வந்து என் காலைப் பார்த்தான்.

"டாக்டர் என்னா சொன்னாரு?"

"என் மூஞ்சியப் பாத்துக் கேளுடா."

நிமிர்ந்தான். ஒன்றரை மாதத்தில் முதல் தடவை. இளைத்துப்போயிருந்தான். இவனை நானும் சரியாகப் பார்க்கவில்லை போலிருக்கிறது.

"ஊருக்குப் போகக் கூடாதாம். எலும்பு சுண்ணாம்பாம். அந்தப் பாத்ரூமு ஆகாதாம்."

"அப்ப இங்கயே இருங்க நைனா. நாங்க பாத்துக்கறோம்."

"என் எலும்பு கெட்டி. மதகுதான் அதவிடக் கெட்டி. அது உனக்கும் எனக்கும் தெரியும்."

"மெதுவா நைனா." கதவைத் திரும்பிப் பார்த்தான்.

"எதுக்கு மெதுவா? இன்னைக்கு டாக்டரு நேருக்கு நேரா கேட்டாரு. நான் சொல்லல. இனிமேலும் சொல்ல மாட்டேன். அது உன்னுது, நீ வச்சுக்கோ. ஆனா ஒண்ணு கேட்டுக்கோ. நீ சொன்ன அந்த ஒரு பொய்யில என் வூடே எனக்கு ஆகாத வூடாயிடுச்சு. அந்தக் கல்லு என் கையால கொண்டாந்து போட்ட கல்லு. அது மேல பழி போட்டுட்டியேடா."

கதவு திறந்தது.

அருணா வெளியே வந்தாள். கதவைச் சாத்தவில்லை. பின்னால் அறை தெரிந்தது. ஒரு மேசை, ஒரு நாற்காலி, அணைத்துவிட்ட கம்ப்யூட்டர். அவ்வளவுதான் இருந்தது. இத்தனை நாள் அங்கே என்னவோ இருப்பதாக நினைத்திருந்தேன்.

காதில் எங்கள் பேச்சு விழுந்ததா இல்லையா, முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. மணிக்கு எதிரே வந்து நின்றாள்.

"மாமா எப்படி விழுந்தாரு?"

"அதான் பாத்ரூ..." ஆரம்பித்தவன் நிறுத்திவிட்டான்.

அவள் 'எனக்குத் தெரியும்' என்று சொல்லவில்லை. கல்லைப் பற்றிச் சொல்லவில்லை. கையைக் கட்டவும் இல்லை. கேட்டுவிட்டுச் சும்மா நின்றாள். அப்படி நிற்பது எவ்வளவு பெரிய வேலை என்று எனக்கு அப்போதுதான் தெரிந்தது. நானாக இருந்தால் அதற்குள் நாலு அறை விட்டிருப்பேன்.

மணி கட்டிலின் கால்மாட்டில் உட்கார்ந்தான். பட்டை கட்டிய என் முட்டிமேல் கையை வைத்தான்.

"நான் தூங்கிட்டேன் அருணா."

என் முட்டியைத் தடவினான்.

"வண்டி ஓட்டினு வரப்பவே தூங்கிட்டேன். மதகுல வுட்டுட்டேன். நைனா பின்னாடி உக்காந்திருந்தாரு. அவரு விழவே இல்ல. நாந்தான்... நாந்தான் அவர..." தலையைக் கவிழ்த்துக்கொண்டான்.

எனக்கு உடம்பு லேசானது. சொல்லவேண்டியதைச் சொல்லியாயிற்று, அதுவும் சொல்லவேண்டியவனே சொல்லிவிட்டான். இனி டாக்டரிடம் மாற்றிச் சொல்லலாம். கேஸு, கம்பெனி எல்லாம் அவனும் அவளும் பேசிக்கொள்ளட்டும். என் எலும்பு நல்ல எலும்பு, என் கல் நல்ல கல். கண் தானாகக் கட்டிலுக்கு அடியில் இருந்த பைக்குப் போயிற்று. காலை ஊன ஆரம்பித்ததும் முதல் பஸ். உத்தனப்பள்ளி போர்டு எனக்குப் படிக்கத் தெரியும்.

அருணா கத்துவாள் என்று நினைத்தேன். அழுவாள் என்று நினைத்தேன். அவள் மணியின் இன்னொரு கையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். டிபன் பாக்ஸ் பையோடு சேர்த்து அவன் பிடித்திருந்த வண்டிச் சாவியை.

"இன்னைக்கு டபுள்" என்றாள். "பஸ்ல வரேன்னு சொன்னீங்க."

அவன் கை சாவியைப் பைக்குப் பின்னால் மறைக்கப் பார்த்தது. பாதியில் நின்றுவிட்டது.

அவள் குரல் உயரவில்லை. டீக்கடையில் என்னிடம் கேட்ட அதே குரல்தான்.

"வண்டி ஓட்டறப்ப எப்பெப்ப தூங்கியிருக்கீங்க?"

மணி என்னைப் பார்த்தான். சின்ன வயசில் எதையாவது உடைத்துவிட்டு என்னைப் பார்ப்பானே, அந்தப் பார்வை. காலையில் தெருமுனையில் கேட்ட வண்டிச் சத்தம் என் காதில் மறுபடி உறுமிற்று. நான் கேட்டேன். கேட்டும் சும்மா இருந்தேன்.

அருணா காத்திருந்தாள். அவளுக்குக் காத்திருக்கத் தெரியும். வெளியே அடுத்த ஷிப்டுக்கு ஆள் ஏற்றிக்கொண்டு கம்பெனி பஸ் ஒன்று ஜன்னலைத் தாண்டிப் போனது. மணி சாவியை இறுக்கிப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தான்.

ஊருக்குக் கட்டிவைத்த பையிலிருந்து நான் கண்ணை எடுத்தேன்.